வாசகர் கேள்வி–பதில்: வார்டுக்குள் ஒரு கேமரா

மனநல மருத்துவமனைக்குள் நடக்கும் கொடுமைகளைக் காட்டும் படங்களைப் பற்றிச் சென்ற இதழில் எழுதியிருந்தோம். முக்கியமாக, 1975இல் வந்த 'ஒன் ஃப்ளூ ஓவர் தி குக்கூஸ் நெஸ்ட்'. கடிதங்கள் குவிந்துவிட்டன. வைத்தியம் கேட்டவர்கள் பாதி, சினிமா கேட்டவர்கள் பாதி. பிரிக்காமல் கலந்தே பதில் சொல்கிறோம்.

'குக்கூஸ் நெஸ்ட்' படத்தில் நர்ஸ் ராட்செட் யாரையும் கைநீட்டி அடிப்பதில்லை. குரலைக்கூட உயர்த்துவதில்லை. அவரை ஏன் சினிமாவின் பெரிய வில்லிகள் வரிசையில் வைக்கிறார்கள்?
— கல்லூரி மாணவி

ஓட்டெடுப்புக் காட்சியை மட்டும் இன்னொரு தடவை போட்டுப் பாருங்கள். கதை நடப்பது 1963இல். டிவியில் பேஸ்பால் உலகத் தொடர். வார்டின் நேரப் பட்டியலைக் கொஞ்சம் மாற்றினால் ஆட்டம் பார்க்கலாமே என்று கதாநாயகன் மக்மர்ஃபி கேட்கிறான், ஜெயிலிலிருந்து இங்கே மாற்றப்பட்டவன். ராட்செட் முடியாது என்று சொல்வதில்லை, ஓட்டுக்கு விடுகிறாள். முதல் தடவை 3 கைகள்தான் எழுகின்றன. அடுத்த கூட்டத்தில் 9. வட்டமாக உட்கார்ந்திருந்தவர்கள் அத்தனை பேரும் தூக்கிவிட்டார்கள். ஜெயித்தாயிற்று என்று அவன் துள்ளும்போது, வார்டில் மொத்தம் 18 நோயாளிகள், பெரும்பான்மை வேண்டும் என்கிறாள். சுற்றி என்ன நடக்கிறது என்றே தெரியாமல் மூலையில் கிடக்கும் மற்ற 9 பேரும் அந்த நொடியில் வாக்காளர்கள் ஆகிவிடுகிறார்கள்! அவன் ஒவ்வொருவரிடமாகப் போய்க் கெஞ்சி, கடைசியில் 'சீஃப்' என்று எல்லாரும் கூப்பிடும் செவ்விந்திய நோயாளி கையைத் தூக்குகிறார். 10. அதற்குள் அவள் கூட்டத்தை முடித்துவிட்டாள். முடித்தபோது கணக்கு 9க்கு 9.

இதில் எந்த விதி மீறப்பட்டது? ஒன்றுமில்லை. மறுநாள் மேலதிகாரி வந்து பதிவேட்டைப் புரட்டினால் 'நோயாளிகளிடம் கருத்துக் கேட்கப்பட்டது' என்றுதான் இருக்கும். மருந்து கொடுக்கும் நேரத்தில் ஓடும் இசைத்தட்டும் இதே ரகம்தான். சத்தத்தைக் குறைக்கச் சொன்னால், வயதானவர்களுக்குக் காது கேட்காதே என்று அக்கறையாக ஒரு காரணம் வரும். அவளுடைய ஒவ்வொரு 'இல்லை'யும் இப்படி யாரோ ஒருவரின் நன்மைக்காகத்தான். கை ஓங்குகிறவரைப் பற்றிப் புகார் எழுதலாம். இவளைப் பற்றி என்னவென்று எழுதுவது?

ராட்செட்டாக நடித்த லூயிஸ் ஃப்ளெட்சரின் சிகையலங்காரத்தையும் கவனியுங்கள். 1963 கதையில் 1940களின் கொண்டை. அந்தப் பெண்ணுக்குக் காலம் எங்கேயோ நின்றுவிட்டது என்பதைத் தலைமுடியிலேயே சொல்லிவிட்டார்கள்.

அந்தப் படத்தில் மின்சார ஷாக் கொடுக்கும் காட்சியைப் பார்த்த இரவு எனக்குத் தூக்கமில்லை. நிஜத்திலும் அப்படித்தான் கொடுப்பார்களா?
— ஒரு வாசகர்

ஒரு காலத்தில் அப்படித்தான் கொடுத்தார்கள். 1938இல் ரோம் நகரில் செர்லெட்டி, பினி என்ற இரு மருத்துவர்கள் தொடங்கிவைத்த முறை இது: தலையில் மின்சாரம் செலுத்தி வலிப்பை வரவைப்பது. அப்போது மயக்க மருந்து கிடையாது. 70 முதல் 120 வோல்ட் வரை, அரை விநாடிக்கும் குறைவாகக் கொடுப்பார்கள். வலிப்பில் தசைகள் இறுகும் வேகத்தில் முதுகெலும்பு முறிந்தவர்கள் பலர். 1950களிலேயே மயக்க மருந்தும் தசை தளர்த்தும் மருந்தும் சேர்ந்துவிட்டன. ஆகவே படத்தில் நீங்கள் பார்த்தது, கதை நடக்கும் 1963க்கே பழைய முறை. பல இடங்களில் அது அப்புறமும் நீடித்தது என்பது வேறு விஷயம்.

இப்போது நடப்பது இது. 6 முதல் 8 மணி நேரம் திட உணவு கிடையாது. பல்செட் இருந்தால் கழற்றிவிடுவார்கள். ஊசி வழியாக மயக்க மருந்து ஏற்றி நோயாளி தூங்கிய பிறகு, ஒரு கணுக்காலில் ரத்த அழுத்தம் பார்க்கும் பட்டையைக் கட்டி இறுக்கமாகக் காற்றடிப்பார்கள். அதன் பிறகுதான் தசை தளர்த்தும் சக்சினைல்கோலின், உடல் எடை கிலோவுக்குச் சுமார் 1 மில்லிகிராம். உடம்பு முழுக்கத் துவண்டுவிடும். பட்டை கட்டிய பாதத்துக்கு மட்டும் மருந்து போய்ச் சேராது. முகமூடி வழியாக ஆக்சிஜன் கொடுத்து, பற்களுக்கு நடுவே ரப்பர் கட்டை வைத்து, மின்சாரத்தைத் துடிப்பு துடிப்பாக, அதிகபட்சம் 8 விநாடி வரை செலுத்துவார்கள். மூளையில் வலிப்பு 20 முதல் 60 விநாடி ஓடும். பக்கத்தில் நிற்பவர் கண்ணுக்குத் தெரிவதெல்லாம் அந்த ஒரு பாதத்தின் விரல்கள் துடிப்பதுதான். சினிமாக்காரர்களுக்கு இது போதாது என்பது புரிகிறது.

வாரத்துக்கு 2 அல்லது 3 முறை, மொத்தம் 6 முதல் 12 முறை கொடுப்பது வழக்கம். சாப்பாடு தண்ணீரையே விட்டுவிட்ட கடும் மனச்சோர்வுக்கும், கல்லாய் உறைந்துபோகும் கேட்டடோனியாவுக்கும் இது உயிர் காக்கும் சிகிச்சை. தலைவலி, தசைவலி, சிறிது நேரக் குழப்பம் எல்லாம் வரும். சிகிச்சை நடந்த வாரங்களின் நினைவு ஓட்டை ஓட்டையாகப் போகும். சிலருக்கு அதற்கு முந்தைய நினைவுகளிலும் சில திரும்பாமலே போவதுண்டு. 'ஒன்றுமே ஆகாது' என்று ஒரு டாக்டர் சொன்னால், இன்னொரு முறை கேளுங்கள்.

படத்தில் எங்களை உறுத்துவது மின்சாரமே இல்லை. அதற்கு முந்தைய காட்சி. மக்மர்ஃபி நர்ஸ் அறையின் கண்ணாடியை உடைக்கிறான், கைகலப்பு, 3 பேரைப் பிடித்து ஷாக் கொடுக்க மாடிக்கு அனுப்புகிறார்கள். நடைபாதையில் பெஞ்சில் வரிசையாக உட்கார்ந்து முறை வரக் காத்திருக்கிறார்கள். எந்த நோய்க்கு இந்தச் சிகிச்சை என்று ஒருவர் கேட்கிறாரா? கண்ணாடி உடைந்ததற்குத் தண்டனை, அவ்வளவுதான். மயக்க மருந்தை ஒழுங்காகக் கொடுத்திருந்தாலும் அது கொடுமைதான்.

படத்தில் வருவது நிஜ ஆஸ்பத்திரியா, செட்டா?

நிஜம். அமெரிக்காவின் ஆரிகன் மாநிலம், சேலம் நகரிலுள்ள ஆரிகன் ஸ்டேட் ஹாஸ்பிட்டல். அதன் தலைவராக அப்போது இருந்த டாக்டர் டீன் ப்ரூக்ஸே படத்தில் டாக்டர் ஸ்பைவியாக நடித்தார். மக்மர்ஃபியாக நடித்த ஜாக் நிக்கல்சனும் அவரும் மேஜைக்கு இருபுறமும் உட்கார்ந்து பேசும் முதல் சந்திப்பில் பெரும்பகுதி அங்கேயே வாய்க்கு வந்தபடி பேசியது. டாக்டர் நடிக்கவில்லை, வழக்கமாகப் புது நோயாளியிடம் பேசுவதைத்தான் பேசினார். நோயாளிகள் சிலருக்குப் படப்பிடிப்பில் வேலையும் கிடைத்தது.

மக்மர்ஃபிக்குக் கடைசியில் என்ன ஆபரேஷன் செய்கிறார்கள்? நெற்றித் தழும்பு எதற்கு?

(படம் பார்க்காதவர்கள் இந்தப் பதிலைத் தாண்டிவிடுங்கள்.) லோபாட்டமி. மூளையின் முன்பகுதியை மற்றப் பகுதிகளோடு இணைக்கும் நரம்பிழைகளை அறுத்துவிடுவது. 1935இல் லிஸ்பனில் ஈகாஸ் மோனிஸ் தொடங்கினார். அதற்காக 1949இல் நோபல் பரிசும் வாங்கினார். மறுபடி படியுங்கள், ஆமாம், நோபல் பரிசு.

இதில் இரண்டு வகை. அமெரிக்காவில் 1936 முதல் ஃப்ரீமன், வாட்ஸ் என்ற இருவரும் செய்தது மண்டையோட்டின் இரு பக்கமும் துளை போட்டுச் செய்யும் முறை. 1946இல் ஃப்ரீமன் குறுக்குவழிக்கு மாறினார். மேல் இமைக்கு அடியில் கம்பியை வைத்து, கண்குழியின் மேற்கூரையைச் சுத்தியலால் தட்டி உடைத்து உள்ளே செலுத்துவது. சில நிமிட வேலை, தழும்பே இருக்காது. இரண்டு கண்களும் கறுத்து வீங்கியிருக்கும், அது கொஞ்ச நாளில் போய்விடும். மக்மர்ஃபியின் நெற்றியில் இரு பக்கமும் தழும்பு தெரிவதால் அவனுக்கு நடந்தது துளை போடும் முறை என்று கொள்ளலாம். இருட்டில் சீஃப் அவன் தலையைப் பிடித்துத் திருப்பிப் பார்க்கும்போது நமக்கும் புரிய வேண்டும், அதற்குத் தழும்பு தேவை. கதைக்காக எடுத்த சரியான முடிவு.

காலக்கணக்கு? 1954இல் குளோர்ப்ரோமசின் என்ற மனநோய் மருந்து அமெரிக்காவுக்கு வந்தபின் இந்த ஆபரேஷன் வேகமாகக் குறைந்தது. அடியோடு நின்றுவிடவில்லை. ஃப்ரீமன் தன் கடைசி ஆபரேஷனைச் செய்தது 1967இல். ஆகவே 1963 கதையில் அது அரிது, பிழை இல்லை.

நாங்கள் ஒரு குறும்படம் எடுக்கிறோம். கட்டிப்போடும் காட்சியும் மயக்கமில்லாமல் ஷாக் கொடுக்கும் காட்சியும் இருக்கின்றன. எதில் தவறுகிறோம் என்று சொல்ல முடியுமா?
— குறும்பட இயக்குநர்

நீங்கள் அனுப்பிய காட்சி விவரத்தைப் படித்தோம். முதலில் பாதுகாப்பு. நடிகரைக் குப்புறப் படுக்கவைத்து முதுகில் முழங்காலை ஊன்றுவதாக எழுதியிருக்கிறீர்கள். அதை எடுத்துவிடுங்கள். நிஜ வார்டுகளில் நோயாளிகள் மூச்சுத் திணறிச் செத்துப்போனது இந்த நிலையில்தான். நடிப்பு என்றாலும் நெஞ்சுக்கூடு நடிக்காது. மல்லாக்கப் படுக்கவையுங்கள். அமுக்குபவர் தன் எடையைத் தன் முழங்கையிலும் தரையிலும் தாங்க வேண்டும். கேமரா கோணத்தில் அது தெரியாது.

தோல் பட்டையில் பக்கிள் வைத்தது ஒன்றே ஒன்று போதும், குளோஸ்அப்புக்கு மட்டும். மற்றதெல்லாம் பின்பக்கம் வெல்க்ரோ வைத்துத் தைத்தது, ஒரே இழுப்பில் வர வேண்டும். அவிழ்ப்பதற்கென்றே ஓர் ஆள் கட்டில் பக்கத்தில் நிற்கட்டும், அவருக்கு வேறு வேலை கொடுக்காதீர்கள். நடிகரின் வாயில் கட்டை இருக்கும்போது 'கட்' என்று சொல்ல வராது. ஆகவே ஒரு கையில் சின்ன ரப்பர் பந்தைக் கொடுங்கள். பந்து கீழே விழுந்தால் எல்லாரும் நிறுத்த வேண்டும். கட்டிய நிலையில் ஒரு டேக் ஒரு நிமிடத்தைத் தாண்ட வேண்டாம். வாய்க்கட்டையை நடிகரின் பல் அளவுக்கு மென்மையான சிலிக்கானில் செய்யுங்கள், வெட்டிய ரப்பர் குழாய் வேண்டாம், தொண்டைக்குள் போய்விடும். நெற்றிப்பொட்டில் தடவுவதற்கு ஸ்கேன் எடுக்கும்போது பூசும் ஜெல் சரியாக இருக்கும். மெஷின் வெறும் பெட்டி, உள்ளே ஒன்றும் இருக்கக் கூடாது, ஒயர் பிளக்கில் சொருகியிருக்கவும் கூடாது.

இனி நடிப்பு. உங்கள் நடிகர் ஒத்திகையில் தொடக்கம் முதல் கடைசி வரை ஒரே சீராக உதறுகிறார். வலிப்பு அப்படி வராது. மின்சாரம் பாயும்போது ஒரு துள்ளல். அடுத்து, 10 முதல் 20 விநாடி விறைப்பு: தாடை பூட்டிக்கொள்ளும், முதுகு வளையும், மூச்சு நின்றுவிடும். நெஞ்சிலிருந்த காற்று வெளியே தள்ளப்படும்போது ஒரு முனகல் வரும், அது வலியில் கத்துவது இல்லை. அதன் பிறகே உதறல், முதலில் நெருக்கமாக, போகப் போக இடைவெளி விட்டு. கடைசி 2 உதறலுக்கு நடுவே பார்க்கிறவர் 'முடிந்தது' என்று நினைக்கும் அளவு இடைவெளி இருக்க வேண்டும். பிறகு குறட்டை போலப் பெருமூச்சு, எச்சில் ஒழுகல், கை துவண்டு கட்டில் விளிம்பில் தொங்கல். எழுந்து உட்கார்ந்து வசனம் பேசுவதாக எழுதியிருக்கிறீர்களே, பல நிமிடங்களுக்குத் தன் பேரே நினைவுக்கு வராது.

ஒலிக்குக் கடைசி யோசனை: மெஷின் சத்தத்தை ஏற்றாதீர்கள். சாவிக்கொத்துச் சத்தத்தைப் படம் முழுக்க வையுங்கள். நோயாளியிடம் சாவி இல்லை என்பதுதான் உங்கள் கதை.

மாத்திரை சாப்பிட்ட நோயாளியாக நடிப்பவர் தலையைச் சொறிந்துகொண்டு சிரித்துக்கொண்டே இருக்கிறார். எப்படித் திருத்துவது?
— நாடகக் குழுவிலிருந்து

சிரிப்பை நிறுத்துங்கள், அது பழைய காமெடி டிராக். 1950, 60களின் மருந்துகளை அதிக அளவில் எடுத்தவர்களுக்கு முகம் சலனமற்றுப் போகும், கண் சிமிட்டுவது குறையும். நடந்தால் சின்னச் சின்ன அடி, கை வீசாது. திரும்பும்போது கழுத்து மட்டும் திரும்பாமல் உடம்பு மொத்தமாகத் திரும்பும். வாய் உலர்வதால் உதட்டை நக்கிக்கொள்வார்கள். இவ்வளவு போதும், மிகை வேண்டாம்.

இன்னொரு பக்கவிளைவை நாடகக்காரர்கள் பயன்படுத்துவதே இல்லை. அகதீசியா என்று பெயர். உட்கார முடியாது, நிற்க முடியாது, கால் மாற்றிக் கால் மாற்றி மிதித்துக்கொண்டே இருப்பார்கள். உள்ளுக்குள் யாரோ துரத்துவது போல் இருக்கும். இது மருந்தால் வருவது. வார்டில் இதைப் பார்ப்பவர் 'நோயாளி அமைதியற்றிருக்கிறார்' என்று கேஸ் ஷீட்டில் எழுதுவார். அதைப் படிக்கும் டாக்டர் மருந்தைக் கூட்டுவார். அடுத்த நாள் கால் இன்னும் வேகமாக மிதிக்கும். வசனமே இல்லாமல் ஒரு முழுக் காட்சி உங்கள் கையில் இருக்கிறது.

'உண்மைக் கதை' என்று போடுகிறார்களே, எவ்வளவு நம்பலாம்?

டைட்டிலை நம்பாமல் காலண்டரைப் பாருங்கள். 2008இல் வந்த 'சேஞ்சலிங்' லாஸ் ஏஞ்சலஸில் 1928இல் நிஜமாகவே நடந்தது. காணாமல் போன தன் மகன் என்று போலீஸ் ஒப்படைத்த பையன் தன் பிள்ளையே இல்லை என்றார் கிறிஸ்டின் காலின்ஸ். அதற்காக அவரை மனநோயாளிகள் வார்டில் அடைத்தார்கள். இதுவரை சரி. ஆனால் படத்தில் மின்னதிர்ச்சி சிகிச்சையும் வருகிறது. அது பிறந்ததே 1938இல் என்று மேலே சொன்னோம். 10 வருடம் முந்திவிட்டார்கள்.

1982இல் வந்த 'ஃப்ரான்சஸ்' இன்னும் மோசம். ஹாலிவுட் நடிகை ஃப்ரான்சஸ் ஃபார்மருக்கு லோபாட்டமி செய்ததாகக் காட்டுகிறது. அவர் வாஷிங்டன் மாநில மருத்துவமனையில் வருடக்கணக்கில் அடைபட்டிருந்தது உண்மை, 1950இல் வெளியே வந்ததும் உண்மை. ஆபரேஷன் நடந்ததற்கு ஆதாரம் இல்லை. அந்தக் கதையைக் கிளப்பிய புத்தகத்தில் கற்பனை கலந்திருந்தது பிறகு நீதிமன்றம் வரை போய் வெளிவந்தது. அடைத்துவைத்ததே போதுமான அநியாயம். அதற்கு மேலே கத்தியை வைத்தால், பொய் பிடிபடும் நாளில் உண்மையையும் சேர்த்துத் தூக்கிப் போட்டுவிடுவார்கள்.

டாக்குமென்டரி என்றால் பொய் இருக்காதே?

1967இல் ஃப்ரெடரிக் வைஸ்மன் எடுத்த 'டிட்டிகட் ஃபாலீஸ்' பாருங்கள். மாசசூசெட்ஸில் உள்ள பிரிட்ஜ்வாட்டர் மருத்துவமனை. சாப்பிட மறுக்கும் ஒருவருக்கு மூக்கு வழியாக ரப்பர் குழாய் செருகி உணவு ஊற்றுகிறார் டாக்டர். வாயில் சிகரெட். நீண்டு வளைந்த சாம்பல் புனலுக்கு நேர் மேலே தொங்குகிறது. விழுமா விழாதா என்றுதான் நம் கண் போகிறது, மனிதரை மறந்துவிடுகிறோம். கற்பனைக் கதை எழுதும் யாரும் இந்தச் சாம்பலை யோசித்திருக்க மாட்டார்கள்.

மாநில அரசு வழக்குப் போட்டது. காட்டப்பட்டவர்களின் அந்தரங்கம் என்பது வாதம். 1968இல் பிரதிகளையெல்லாம் அழிக்கவே ஒரு நீதிபதி உத்தரவிட்டார். மறு வருடம் மேல் நீதிமன்றம் டாக்டர், வக்கீல் போன்ற துறைசார்ந்தவர்கள் மட்டும் பார்க்கலாம் என்றது. பொதுமக்கள் பார்க்க 1991 வரை ஆயிற்று. அந்தரங்க வாதம் முழுப் பொய்யும் இல்லை: நிர்வாணமாக நிற்கும் நோயாளியிடம் யார் அர்த்தமுள்ள சம்மதம் வாங்க முடியும்? ஆனால் அவரை நிர்வாணமாக நிற்கவைத்தவர்களே அந்த வாதத்தை எழுப்பும்போது கொஞ்சம் இடிக்கிறது.

அமெரிக்கா தவிர வேறு ஊர்ப் படம் ஏதாவது?

பிரேசிலின் 'பிஷோ தெ செத்தே கபேசாஸ்', 2000. இயக்கம் லாயிஸ் போடான்ஸ்கி. பெயருக்கு 'ஏழு தலை மிருகம்' என்று பொருள். நம் 'பேனைப் பெருமாள் ஆக்குவது' மாதிரி அங்கே ஒரு வழக்கு. அப்பா, மகனின் சட்டைப் பையில் ஒரு கஞ்சா சிகரெட்டைப் பார்க்கிறார், பையன் மனநல விடுதிக்குப் போய்ச் சேர்கிறான். உள்ளே அடைபட்டு மீண்ட ஒருவரின் சுயசரிதையிலிருந்து எடுத்தது. 2001 ஏப்ரலில் பிரேசிலில் மனநலச் சீர்திருத்தச் சட்டம் வந்தது. விருப்பமில்லாத ஒருவரைச் சேர்த்தால் 72 மணி நேரத்துக்குள் அரசு வழக்குத்துறைக்குத் தெரிவிக்க வேண்டும், வெளியே விடும்போதும் தெரிவிக்க வேண்டும் என்று அதில் ஒரு பிரிவு. படத்தில் அந்த அப்பாவிடம் யாரும் எதுவும் கேட்காததை நினைத்துக்கொண்டு இந்தப் பிரிவைப் படியுங்கள்.

'குக்கூஸ் நெஸ்ட்' படத்தில் 68 நாள் தண்டனை பாக்கி என்கிறான் மக்மர்ஃபி. அப்புறம் ஏன் வெளியே விடுவதில்லை?

அந்தக் கணக்கு ஜெயிலுக்குத்தான். ஜெயிலிலிருந்து இங்கே மாற்றியபின் தேதி கிடையாது, இவர்கள் விட்டால் உண்டு. அதை அவனுக்குச் சொல்வது டாக்டர் இல்லை, நீச்சல் குளத்தருகே நிற்கும் வார்டு ஊழியர். அவனுக்கு அடுத்த அதிர்ச்சி, கூட இருப்பவர்களில் பலர் தாங்களாகவே வந்து சேர்ந்தவர்கள், நினைத்தால் போகலாம் என்பது.

படம் வந்த அதே 1975இல், ஜூனில், அமெரிக்க உச்ச நீதிமன்றம் கென்னத் டொனால்ட்சன் வழக்கில் தீர்ப்புச் சொன்னது. ஃப்ளோரிடாவில் கிட்டத்தட்ட 15 வருடம் அடைபட்டிருந்தவர். யாருக்கும் ஆபத்தில்லாத, வெளியே பாதுகாப்பாக வாழக்கூடிய ஒருவரைச் சும்மா அடைத்துவைக்க அரசுக்கு அதிகாரம் இல்லை என்றது தீர்ப்பு.

'குக்கூஸ் நெஸ்ட்' நாவலை எழுதியவருக்குப் படம் பிடித்ததா?

இல்லை. கென் கீஸியின் 1962 நாவலில் கதை சொல்வது சீஃப். படத்தில் அதை எடுத்துவிட்டார்கள். அவர் வழக்கே போட்டார்.

என் அம்மாவுக்கு இ.சி.டி. (மின்னதிர்ச்சி சிகிச்சை) கொடுக்கலாம் என்கிறார் டாக்டர். அம்மா 'குக்கூஸ் நெஸ்ட்' படத்தை ஏற்கெனவே பார்த்துவிட்டு மிரண்டுபோயிருக்கிறார். என்ன சொல்வது?
— ஒரு மகள்

படம் பொய் என்று சொல்லாதீர்கள், அவர் நம்ப மாட்டார், சொல்வதும் சரியில்லை. மேலே மயக்க மருந்து முதல் கால்விரல் வரை எழுதியிருப்பதைப் படித்துக் காட்டுங்கள். டாக்டரைப் பார்க்கப் போகும்போது அம்மாவையும் கூட்டிக்கொண்டு போய், அவர் முன்னாலேயே கேளுங்கள்: எந்த நோய்க்காக? இதற்கு முன் எந்த மருந்தை, எவ்வளவு நாள் கொடுத்துப் பார்த்தீர்கள்? நெற்றிப்பொட்டு இரண்டிலுமா, வலப்பக்கம் மட்டுமா? (ஒரு பக்கம் என்றால் நினைவிழப்பு பொதுவாகக் குறைவு.) மொத்தம் எத்தனை, எத்தனையாவதில் பலன் இருக்கிறதா என்று பார்ப்பீர்கள்? மயக்க மருந்து கொடுப்பவர் கூடவே இருப்பாரா? நினைவை எப்படிச் சோதிப்பீர்கள், எப்போது? தொடங்குவதற்கு முன்னாலேயே ஒரு நோட்டில் அம்மாவின் கையெழுத்தில் அன்றாட விஷயங்களை எழுதிவைக்கச் சொல்லுங்கள். பாஸ்வேர்டு, பணம் போட்டுவைத்திருக்கும் இடம், யார் யாருக்கு என்ன பாக்கி எல்லாம்.

சம்மதப் படிவத்தை வீட்டுக்கு வாங்கி வந்து படியுங்கள். அதில் கையெழுத்துப் போட்டால் 12 தடவைக்கும் கட்டுப்பட்டாக வேண்டும் என்று அம்மா நினைத்துக்கொண்டிருக்கலாம். மூன்றாவது முறை முடிந்து, நாலாவதற்குப் போகும் காலையில்கூட வேண்டாம் என்று அவர் சொல்லலாம். யாரிடம் சொல்ல வேண்டும் என்பதை முதல் நாளே, பேர் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள்.